அஞ்சு பேரு, ஒரே நம்பர்

பாத்து வாங்கம்மா, வாசல்ல ஒரு படி இருக்கு. அடுத்ததும் இருக்கு, அது உடைஞ்சது, அதுல கால் வைக்காதீங்க. அப்படியே கையை நீட்டுங்க, நாற்காலி தட்டுப்படும். உக்காருங்க. குச்சியை மடிச்சுக்கிட்டீங்களா? சரி. ஃபேன் கடகடன்னு சத்தம் போடும், விழாது, பயப்படாதீங்க.

முதல்லயே சொல்லிடுறேன். நீங்க கேட்டு வந்த ஹார்ட் டிஸ்க் இங்கதான் இருக்கு. பீரோவுல, மேல் தட்டுல. 'கூடாரம்' இணைய மன்றத்தோட எட்டு வருஷக் கேள்வி பதில் மொத்தமும் அதுலதான் இருக்கு, வேற எங்கயும் கிடையாது. ஆனா தர்றதா வேண்டாமான்னு நான் இன்னும் முடிவு பண்ணல. உங்களை யார் அனுப்பினாங்கன்னு தெரியாம எப்படி முடிவு பண்றது?

கோபப்படாதீங்க. நீங்க என்ன சொல்றீங்க, தமிழ்ல லினக்ஸ் பயன்படுத்தினவங்களோட வரலாறு எழுதப் போறேன்னு சொல்றீங்க. நல்லது. மூணு தடவை போன் பண்ணீங்க. என் நம்பர் எப்படிக் கிடைச்சதுன்னு கேட்டதுக்கு, ஏதோ கல்யாணப் பத்திரிகையோட அடியில 'அருள் கிராபிக்ஸ், திண்டுக்கல்'னு போட்டிருந்ததை ஒருத்தர் வாசிச்சுச் சொன்னாங்கன்னீங்க. பத்திரிகையில மாப்பிள்ளை பேரையே நாலு பேருதான் ஒழுங்காப் படிப்பான். அச்சடிச்சவன் பேரைப் படிக்கிற ஆளு யாரும்மா? இதெல்லாம் எனக்கு நெருடுதா இல்லையா, நீங்களே சொல்லுங்க.

இன்னொண்ணும் மனசுல படுது, சொல்லிடுறேன். கண்ணு தெரியாத ஒரு பொம்பளைப் பிள்ளையை அனுப்பினா அருளப்பன் மறுக்க மாட்டான்னு யாரோ கணக்குப் போட்டிருக்கலாம் இல்லையா? டிஸ்க்கை வாங்கிட்டுப் போய் நீங்களா பாக்கப் போறீங்க? யார் கையிலயோதானே கொடுக்கப் போறீங்க. அந்தக் கை யாரோடதுன்னுதான் என் கேள்வி.

டீ சொல்லட்டுமா? வேண்டாமா? சரி, அப்ப கேளுங்க. வரலாறுதானே வேணும்.

இது அப்ப டி.டி.பி. சென்டர். பத்திரிகை, நோட்டீஸ், கண்ணீர் அஞ்சலி எல்லாம் இங்கதான். ரெண்டாயிரத்து அஞ்சுல, இதோ ரெண்டு கடை தள்ளி இருந்த சென்டருக்கு ஒருநாள் மத்தியானம் போலீஸ் வந்துச்சு. திருட்டு சாப்ட்வேர் போட்டிருக்கான்னு கம்ப்யூட்டரை எல்லாம் ஆட்டோவுல ஏத்திக்கிட்டுப் போயிட்டாங்க. யார் போட்டுக்கொடுத்தாங்கன்னு இன்னிக்கு வரைக்கும் தெரியாது. எனக்கு ஒரு ஆள் மேல சந்தேகம் இருக்கு, பேரைச் சொல்ல மாட்டேன். மறுவாரமே நான் விண்டோஸை விட்டுட்டு, இலவசமாக் கிடைக்கிற லினக்ஸுக்கு மாறிட்டேன். அதுல திருட்டுங்கிற பேச்சே இல்ல. உள்ள என்ன எழுதியிருக்குன்னு யார் வேணும்னாலும் திறந்து பாத்துக்கலாம். அதுதாம்மா எனக்குப் பிடிச்சது. மூடி வச்ச எதையும் நான் நம்புறவன் இல்ல.

ஆனா கஷ்டம். தமிழ் எழுத்து கொம்பு ஒரு பக்கம், கால் ஒரு பக்கம்னு கிடக்கும். பிரிண்டர் எடுக்காது. இங்கிலீஷ் மன்றத்துல போய்க் கேட்டா, முதல்ல கையேட்டைப் படிச்சுட்டு வான்னு விரட்டுவான். அதனால நானே தமிழ்ல ஒரு மன்றம் ஆரம்பிச்சேன். கூடாரம்னு பேரு வச்சேன். யார் வேணும்னாலும் உள்ள வரலாம், யாரும் வாசல்ல நிக்க வேண்டாம்னு அந்தப் பேரு. அங்க என் பேரு அச்சாணி.

ஒரே ஒரு சட்டம்தான் போட்டேன். கேள்வி கேட்டவன் பதில் கிடைச்சதும் ஓடிடக் கூடாது. திரும்ப வந்து, 'தீர்ந்தது'ன்னு எழுதணும். அதோட விடமாட்டேன். தப்பு எங்க இருந்துச்சுன்னும் எழுதணும். 'தீர்ந்தது. பிழை என்னுடையது, ஒயரைச் சொருகவில்லை.' இப்படி. எஞ்சினியரிங் காலேஜ் புரொபசர் ஒருத்தர் அப்படி எழுத வெக்கப்பட்டார். எழுதினாத்தான் அடுத்த கேள்விக்குப் பதில்னு சொல்லிட்டேன். எழுதினார். எழுதுறவனுக்கு மானம் போகும், வாஸ்தவம்தான். ஆனா பின்னால அதே சிக்கலோட வர்றவன் தப்பிச்சுக்குவான் பாருங்க. கூடாரம் வளந்ததே அந்தச் சட்டத்தாலதான்.

நான் கேள்வி கேட்டதே ஒரே தடவைதான். ரெண்டாயிரத்துப் பத்து. ஒட்டன்சத்திரத்துல ஒரு கல்யாணம், ஐந்நூறு பத்திரிகை. பிரிண்டர்ல இருந்து வர்றது எல்லாம் கட்டம் கட்டமா வருது, ஒரு எழுத்து இல்ல. அப்பதான் 'வெண்கலம்'னு ஒருத்தன் பதில் போட்டான். முப்பத்தி நாலு படி. இதை அழுத்து, மூணு தடவை கீழ போ, இந்த வார்த்தை வரும், அங்க நில்லு. ஒரு படம் கிடையாது, எல்லாம் எழுத்து. நான் ஒவ்வொண்ணாச் செஞ்சேன். முப்பத்தி நாலாவது படியில எழுத்து அச்சா வந்து விழுந்துச்சு. சத்தியமாச் சொல்றேன், எனக்குக் கையெடுத்துக் கும்பிடணும் போல இருந்துச்சு. 'தீர்ந்தது'ன்னு எழுதினேன்.

அன்னைக்கே இன்னொண்ணும் தோணுச்சு. முன்னபின்ன தெரியாத ஒருத்தனுக்கு முப்பத்தி நாலு படி எழுதுறதுக்கு இவனுக்கு என்ன தலையெழுத்து? என்ன லாபம்? சும்மா எவனாவது செய்வானா?

அதுக்கப்புறம் அவனைக் கவனிக்க ஆரம்பிச்சேன். கொஞ்ச நாள்ல அதே மாதிரி இன்னும் நாலு பேரு தட்டுப்பட்டாங்க. தாழம்பூ, மின்மினி, சிட்டு, ஏழுமலை. அஞ்சு பேருக்கும் ஒரே குணம். யாராவது திரையைப் படம் புடிச்சுப் போட்டா, இந்த அஞ்சுல ஒண்ணு வந்து, 'படம் வேண்டாம், எழுத்தில் சொல்லுங்கள்'னு நிக்கும். அச்சு மாறாம அதே வாக்கியம். எழுத்துப்பிழை எக்கச்சக்கமா இருக்கும், ஆனா விஷயம் சரியா இருக்கும். தன் படம், ஊர்ப் படம்னு ஒண்ணு போட்டதில்ல. எல்லாரும் ஊட்டி போனேன், கொடைக்கானல் போனேன்னு போடுவான். இந்த அஞ்சும் போடாது. முகம் காட்டாதவனை எப்படிம்மா நம்புறது?

சிரிக்கிறீங்களா? இல்லையா? சரி, இருமினீங்கபோல. தண்ணி வலது கைப்பக்கம் இருக்கு.

ரெண்டாயிரத்துப் பதிமூணு. அந்த வருஷம்தான் எல்லாம் நாசமாப் போச்சு. மன்றம் எதுக்கு, எல்லாரும் முகநூலுக்குப் போயிடலாம்னு ஒரு கூட்டம் கிளம்புச்சு. அங்க போட்டா அடுத்த நாளே அடியில போயிடும், தேடினா கிடைக்காது, நம்ம எழுதினது நம்ம கையில இருக்காதுன்னு நான் தொண்டை கிழியக் கத்துறேன். கேக்க மாட்டேங்கிறான். சரி, ஓட்டெடுப்பு வச்சுடலாம்னாங்க. இருக்கணுமா, போகணுமா? ரகசிய ஓட்டு, பத்து நாள். யார் எதுக்குப் போட்டாங்கன்னு எனக்கே தெரியாது. மென்பொருள் அப்படி.

ஏழாவது நாள் நான் பதிவேட்டைத் திறந்து பாத்தேன். இணைய இணைப்பு ஒவ்வொண்ணுக்கும் ஒரு நம்பர் உண்டு, ஐ.பி. நம்பர். உங்களுக்கும் தெரிஞ்சிருக்கும். பாத்தா, இந்த அஞ்சு பேரும் ஒரே நம்பர்ல இருந்து வந்திருக்காங்க. இன்னிக்கு நேத்து இல்ல, மூணு வருஷமா ஒரே நம்பர். தேனி பக்கத்து நம்பர். எனக்கு உடம்பெல்லாம் சூடாயிடுச்சு. அஞ்சு பேரே கிடையாது, ஒருத்தன்! ஒருத்தன் அஞ்சு வேஷம் கட்டி உள்ள உக்காந்துக்கிட்டு, அஞ்சு ஓட்டுப் போட்டுக் கூடாரத்தைப் பிரிக்கப் பாக்குறான்!

அவசரப்படலம்மா. எங்கிட்ட நியாயம் உண்டு. ஒரு பரீட்சை வச்சேன். கோணலா நாலு எழுத்தைப் போட்டு ஒரு படம் வரும், அதைப் பாத்து அடிச்சாத்தான் உள்ள விடும். மனுஷன்னா ரெண்டு நிமிஷ வேலை. எண்ணிப் பாத்தேன், அறுபத்தஞ்சு பேரு அடிச்சுட்டு உள்ள வந்தாங்க. இந்த அஞ்சும் வரல. ஒண்ணாவது வரணுமில்ல? மூணு நாள் காத்திருந்தேன். இதுக்கு மேல என்ன ஆதாரம் வேணும்? அஞ்சு கணக்கையும் நீக்கினேன். கணக்கை நீக்கினா அதோட ஓட்டும் போயிடும். 'ஐந்து பெயர், ஒரே ஆள்'னு தலைப்புப் போட்டு மன்றத்துல ஒரு இழை ஆரம்பிச்சு ஆதாரத்தை எல்லாம் போட்டேன். எல்லாரும் கை தட்டினாங்க. அச்சாணி கண்ணுல மண்ணைத் தூவ முடியுமான்னு ஒருத்தர் எழுதினார்.

பத்தாவது நாள் எண்ணினோம். போகணும், முப்பத்தி நாலு. இருக்கணும், முப்பத்தி ஒண்ணு.

அஞ்சு கள்ள ஓட்டைத் தூக்கியும் தோத்துட்டேன். அவ்வளவு ஆழமா வேலை பாத்திருக்கான் அவன். ஒரே மாசத்துல எல்லாரும் கிளம்பிட்டாங்க. தினமும் வந்து திறந்து பாப்பேன், ஒரு கேள்வி இருக்காது. என் சம்சாரம், செத்த வீட்டுல விளக்கைப் பாத்துக்கிட்டு உக்காந்திருக்கிற மாதிரி உக்காந்திருக்கீங்களேன்னு ஏசுனா. அழுதேம்மா. வெளியில சொல்லல, அழுதேன். மொத்தத்தையும் டிஸ்க்ல இறக்கிட்டு மூடிட்டேன். பதினோரு வருஷம் ஆச்சு. எப்பவாவது அந்த ஒருத்தன் இதைத் தேடி ஆளை அனுப்புவான்னு எனக்குத் தெரியும். அதான் உங்களைக் கேக்குறேன்.

ஒண்ணு மட்டும் யோசிங்க. நான் செஞ்சது தப்புன்னா, ஒருத்தராவது வந்து கேட்டிருக்கணுமில்ல? நீ எப்படி என்னை நீக்கலாம்னு ஒரு வரி? பதினோரு வருஷத்துல ஒருத்தனும் கேக்கல. குத்தமுள்ளவன்தான் வாயைத் திறக்க மாட்டான்.

நம்பலையா? ஆதாரத்தை எல்லாம் பிரிண்ட் எடுத்து வச்சிருக்கேன். இதோ, இந்தாங்க, பாருங்க.

ஆமாமா. மன்னிச்சுக்கோங்க. மறந்துட்டேன்.

என்னது? ஓ, நான் படிச்சுச் சொல்லணுமா? படிக்கிறேன். இருங்க, எனக்கும் ரெண்டு கண்ணுலயும் புரை. ஆபரேஷன் பண்ணணும்னாரு, அந்த டாக்டர் மேல எனக்கு முழு நம்பிக்கை வரல, தள்ளிப் போட்டுக்கிட்டே இருக்கேன். ஜன்னல் பக்கம் வந்துக்கிறேன். ம்... 'ஆதாரம் ஒன்று. ஐவரும் ஒரே இணைப்பு எண். ஆதாரம் இரண்டு. ஐவரும் படங்களைப் பார்ப்பதில்லை. எழுத்தில் சொல்லுங்கள் என்றே கேட்கிறார்கள். ஆதாரம் மூன்று. படத்திலுள்ள எழுத்துகளைப் பார்த்து அடிக்கச் சொன்னபோது ஐவரும்...'

ஐவரும்...

இருங்கம்மா. கொஞ்சம் இருங்க. அந்தத் தண்ணியை எடுத்துக்கிறேன்.

நீங்க தேனி பக்கம்னு போன்ல சொன்னீங்களா? சொல்லல, இல்ல? நான் கேக்கவும் இல்ல. அதை மட்டும் கேக்கல பாருங்க.

என்ன சொன்னீங்க? மறுபடி சொல்லுங்க.

மின்மினி... நீங்களா?

தேனி பக்கம் பார்வையற்றோர் பயிற்சி மையம். ஒரு ரூம், அஞ்சு கம்ப்யூட்டர், ஒரே இணைப்பு. திரையில இருக்கிற எழுத்தைக் கம்ப்யூட்டர் வாசிச்சுச் சொல்லும், படத்தை வாசிக்காது. அதான் எழுத்துல கேட்டீங்க. சரி. சரிம்மா. வெண்கலம்? உங்க வாத்தியாரா? கதிரேசன்... அவரும் பார்வை இல்லாதவரா? முப்பத்தி நாலு படியும் காதால கேட்டு எழுதினதா? எனக்கு அந்தப் பிரிண்டரை அவர் எப்படி... இதோ இந்த ரூம்லதாம்மா உக்காந்து செஞ்சேன், நீங்க உக்காந்திருக்கிற இடத்துல.

அவர் இப்ப எப்படி இருக்கார்?

எப்போ? ஆவணியிலயா தவறிட்டார்.

அதான் டிஸ்க்கா. கம்ப்யூட்டரைத் தமிழ்ல பேச வைக்கிறதுக்கு அவர் எழுதினது எல்லாம் கூடாரத்துல மட்டும்தான் இருக்கா. வேற எங்கயும் எழுதி வைக்கலையா? புதுசா வந்திருக்கிற பிள்ளைங்களுக்கு அது வேணும். நேத்தே போன்ல இதைச் சொல்லியிருக்கலாமே. ஆமா... சொன்னா, கதை கட்டுறீங்கன்னுதான் சொல்லியிருப்பேன். நீங்க நினைச்சது சரி.

ஆனா ஒரு வரி எழுதியிருக்கலாமேம்மா. எங்களால படிக்க முடியலன்னு ஒரு வரி. நிர்வாகிக்கு எழுதுங்கன்னு அடியில ஒரு பொத்தான் வச்சிருந்தேனே, அங்கேயும்...?

அங்கேயும் அந்தப் படம் நின்னுச்சா.

நான்தான் வச்சேன். எல்லாப் பக்கத்துக்கும் போட்டேன், ஒரு சந்து விடாம.

சரி, நான் கேக்கக் கூடாது, ரகசிய ஓட்டு. இருந்தாலும் கேக்குறேன். நீங்க அஞ்சு பேரும் எதுக்குப் போட்டீங்க?

ம்.

முகநூல் பூரா படம்தானே. நீங்க ஏன் போகணும்னு போடுவீங்க. இருக்கணும்னுதான் போட்டிருப்பீங்க. முப்பத்தி ஒண்ணும் அஞ்சும் முப்பத்தி ஆறு. முப்பத்தி நாலுக்கு முப்பத்தி ஆறு. ரெண்டு ஓட்டுல கூடாரம் நின்னிருக்கும். பதினோரு வருஷமா எவன் பிரிச்சான், எவன் பிரிச்சான்னு ஊரெல்லாம் தேடிக்கிட்டிருந்தேன்.

இருங்க, பீரோவைத் திறக்கிறேன். இல்லம்மா, நீங்க எந்திரிக்காதீங்க. இந்த ஒயரை மட்டும் புடிங்க, நான் பழைய மெஷின்ல சொருகுறேன். கூடாரம் அப்படியே இதுல ஓடும், ஒருத்தரும் வரமாட்டாங்களே தவிர. 'ஐந்து பெயர், ஒரே ஆள்' இழை இன்னும் திறந்துதான் கிடக்கு. நான் ஆரம்பிச்ச இழை. ஆரம்பிச்சவன்தான் முடிக்கணும், சட்டம் போட்டவனும் நான்தான். என்ன எழுதணும்னு எனக்குத் தெரியும்.

அச்சாணி. கடவுச்சொல். ம்... வந்துடுச்சு பாருங்க, அந்தப் படம். நாலு எழுத்து. முதல் எழுத்து 'க'வா 'த'வா தெரியல. இருங்க. தப்புங்குது. கண்ணாடியைத் துடைச்சுக்கிறேன். மறுபடி தப்பு. கோணலா போட்டுத் தொலைச்சிருக்கேன், மேல ரெண்டு கோடு வேற இழுத்திருக்கேன், பூச்சி ஊர்ற மாதிரி. மூணாவது தடவை... போச்சு.

என்னமோ எழுதிக் காட்டுது. பெரிய எழுத்துதான், இது படிக்க முடியுது. 'நீங்கள் உண்மையான உறுப்பினர்தானா என்று ஐயமாக உள்ளது. நிர்வாகிக்கு எழுதவும்.' நான் எழுதி வச்ச வாசகம்தான். நிர்வாகின்னா நான்தாம்மா. அழுத்திப் பாக்குறேன். அங்கேயும் அந்தப் படம்.

சிரிங்க, சிரிங்க. இந்தத் தடவை இருமல் இல்ல, எனக்குத் தெரியும்.

இருங்க, கழட்டித் தர்றேன். இந்தாங்க, கையை நீட்டுங்க. டிஸ்க். பைக்குள்ள துணி சுத்தி வைங்க, அடிபடக் கூடாது. உங்க மையத்துல விவரம் தெரிஞ்சவங்க யாராவது அந்தப் படத்தை எடுத்துட்டுத் திறந்துடுவாங்க. திறந்ததும் முதல் வேலையா அந்த இழைக்குப் போங்க. நான் சொல்றதை அப்படியே அடிங்க. 'தீர்ந்தது. பிழை என்னுடையது. ஐந்து பேரும் ஐந்து பேர்தான்.' அடியில அச்சாணின்னு போடாதீங்க. அருளப்பன்னு போடுங்க. அப்புறம் வெண்கலத்தோட பேரை, அவர் நிஜப் பேரை, கதிரேசன்னு போட்டு...

அவருக்கு என்ன எழுதுறதுன்னு தெரியலம்மா. அதை நீங்களே எழுதுங்க.

எழுதிட்டு எனக்குப் போன் பண்ணி வாசிச்சுக் காட்டணும், ஒரு வரி விடாம. சந்தேகம்னு இல்ல. எனக்கும் இனிமே யாராவது வாசிச்சுச் சொன்னாத்தான் உண்டு.

பாத்துப் போங்க. ரெண்டாவது படி உடைஞ்சது. கையைக் கொடுங்க, நானும் இறங்குறேன், எனக்கும் அது சரியாத் தெரியறதில்ல.